மலை புளித்த கதை

பம்பாய் மலைகளில் எந்தக் கல் அடுப்படிக்கு ஆகும், எது ஆகாது என்பதை எங்கள் சந்தில் முதலில் கண்டுபிடித்தவள் நான்தான். அப்போது எனக்கு ஒன்பது வயது. அந்தப் பெயரை என் மாமா தட்டிக்கொண்டு போய்விட்டார். இதில் எனக்கு வெகு காலம் மனத்தாங்கல் இருந்தது. இப்போது அவ்வளவாக இல்லை. கொஞ்சம் இருக்கிறது.

அறுபதுகளின் நடுவில் நாங்கள் தாராவியில் இருந்தோம். அப்பாவுக்குத் தோல் பட்டறையில் வேலை. அம்மா காலையில் இட்லி அவித்து வாசலிலேயே வைத்து விற்பாள். சந்தில் பாதிப் பேர் திருநெல்வேலிப் பக்கத்துக்காரர்கள். விடிந்தால் அவர்களுக்கு அம்மாவின் இட்லி வேண்டும். இல்லாவிட்டால் பட்டறைக்குப் போய் மேஸ்திரியோடு சண்டை போடுவார்கள். ஒற்றை அறைதான் வீடு. கோலி என்று இந்தியில் சொல்வதையே நாங்களும் சொன்னோம். அந்தக் கோலியின் மூலையில் ஒரு ஆட்டுரல் கிடந்தது. அப்பா கல்யாணம் முடித்து அம்மாவை அழைத்து வந்தபோது, ரயிலில் பெஞ்சுக்கு மேலே அம்மாவும் பெஞ்சுக்குக் கீழே ஆட்டுரலுமாக வந்தார்களாம். பம்பாயில் கல்லுக்கா பஞ்சம் என்று பெட்டி முழுக்கக் கேலி செய்திருக்கிறார்கள். அப்பா வாயைத் திறக்கவில்லை. அவர் அதிகம் பேசாதவர். பேசினால் வெட்டு ஒன்று, துண்டு இரண்டு.

மாமா அதற்கு நேர் எதிர். அம்மாவின் ஒரே தம்பி, இருபத்திரண்டு வயது. இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு தகரப் பெட்டியோடு வந்து இறங்கி, எங்களோடேயே தங்கிவிட்டார். அப்பா முதலில் தோல் பட்டறையில் சேர்த்துவிட்டார். நாற்றம் தாங்கவில்லை என்று மாமா மூன்றாம் நாள் திரும்பி வந்துவிட்டார். அடுத்து ஒரு சோப்புக் கம்பெனி; அங்கே வாசம் தாங்கவில்லை. மூன்றாவதாக, விக்ரோலிப் பக்கம் ஒரு கல்குவாரியில் சேர்ந்து ஆறு மாதம் நிலைத்திருந்தார். கல்லுக்கு வாசம் கிடையாது என்பதுதான் காரணம் என்று அப்பா சொன்னார். குவாரியில் சேர்ந்ததிலிருந்து மாமாவின் அளப்புக்கு அளவே இல்லை. யானை சைஸ் பாறையை ஒரு கையால் புரட்டினேன் என்பார். நான் நம்பினேன். வீட்டில் அவரை நம்பியது நான் ஒருத்திதான்.

அந்த ஆடி மாதம் மழை கொட்டித் தீர்த்தது. சந்தில் முழங்கால் ஆழத்துக்குச் சாக்கடைத் தண்ணீர் நின்றது. கொஞ்சம் கோலிக்குள்ளும் வந்தது. அந்தத் தண்ணீரில் ஆட்டுரல் கிடப்பதை அம்மாவால் பார்க்க முடியவில்லை. அப்பா வந்ததும் இரண்டு பேராகத் தூக்கி வாசல் மேடையில் வைத்துவிடலாம் என்றாள். மாமா சிரித்தார். குவாரியில் இப்படி நாலு கல்லைக் காலை டீக்கு முன்னாலேயே தூக்கி வைக்கிறவராம் அவர். குழவியைக் கழற்றி என் பக்கம் உருட்டிவிட்டு, ஆட்டுரலைக் கட்டிப் பிடித்துத் தூக்கினார். நிஜமாகவே தூக்கிவிட்டார். வாசல் வரைக்கும் நடந்தும்விட்டார். வாசலில் பாசி இருந்தது.

வாசலில் பதித்திருந்த கறுப்புக் கல்லின் மேல் ஆட்டுரல் விழுந்து இரண்டாகப் பிளந்தது. அம்மா தண்ணீருக்குள் கிடந்த ஒரு பாதியைக் கையால் தடவிப் பார்த்தாள். மாமாவும் குனிந்து பார்த்தார்; ஆனால் அவர் பார்த்தது வாசல்கல்லை. அதில் ஒரு கீறல்கூட இல்லை. நிமிர்ந்தபோது அவர் முகம் தெளிந்துவிட்டது. ஊர்க்கல்லையே உடைத்துவிட்டது என்றால் பம்பாய்க் கல்தான் கெட்டி. ஆகவே பம்பாய்க் கல்லிலேயே ஒரு ஆட்டுரல் செய்து ஒரே வாரத்தில் கொண்டுவருகிறேன் என்றார். அந்த நேரத்தில் அது எனக்கு மிக நியாயமாகப் பட்டது. கல் என்றால் கல்தானே, கறுப்பாக இருந்தால் கெட்டியாகத்தானே இருக்கும் என்று அம்மாகூட நினைத்தாள் போலிருக்கிறது. சரி என்று தலையாட்டினாள்.

அந்த ஒரு வாரம் அம்மா அடுத்த கோலி அக்காவின் ஆட்டுரலில் மாவாட்டினாள். முதல் நாள் அந்த அக்கா காப்பி கொடுத்தாள். இரண்டாம் நாள் பேச்சுக்கொடுத்தாள். நாலாம் நாள், தன் கல் தேய்ந்து போவது போலத் தெரிகிறது என்று காற்றைப் பார்த்துச் சொன்னாள்.

சொன்னபடியே கல் வந்தது. குவாரியில் கல் கொத்தும் சோலாப்பூர்க்காரர் ஒருவரைப் பிடித்துச் செய்திருந்தார் மாமா. லாரியிலிருந்து இறக்கும்போது சந்தே கூடி வேடிக்கை பார்த்தது. நல்ல உருண்டை, நல்ல கறுப்பு. அங்கங்கே சிறு சிறு குழிகள் இருந்தன. சில குழிகளில் வெள்ளையாக ஏதோ நிறைந்திருந்தது. ஒரு குழிக்குள் எட்டிப் பார்த்தேன். உள்ளே கற்கண்டு போல் ஒன்று மின்னியது. மாமா ஆணியால் அதை நெம்பி எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். உலகத்தில் இதைவிட நல்ல ஆட்டுரல் இருக்க முடியாது என்று முடிவு செய்துவிட்டேன்.

அம்மா மஞ்சள் குங்குமம் வைத்து, முதலில் தவிடு போட்டு ஆட்டி, அப்புறம் நொய் போட்டு ஆட்டிக் கல்லைப் பழக்கினாள். மறுநாள் இட்லி அவித்தாள். முதல் இட்லியைத் தின்ற பட்டறைக்காரர், மென்றுகொண்டிருந்தவர், சட்டென்று நிறுத்தினார். வாயிலிருந்ததைக் கையில் துப்பி அம்மாவிடம் நீட்டினார். வெள்ளை இட்லிக்குள் வெள்ளைக் கல் கண்ணுக்குத் தெரியாது, பல்லுக்குத் தெரியும். அன்றைய இட்லி எல்லாம் ஆடுகளுக்குப் போனது. ஆடுகளும் யோசித்துத்தான் தின்றன.

மறுபடி கழுவி, மறுபடி தவிடு போட்டு ஆட்டிப் பார்த்தாள். ஊர்க் குழவி சுற்றச் சுற்றப் பம்பாய்க் கல் தேய்ந்தது. தேயத் தேயப் புதுக் குழிகள் வாய் திறந்தன. ஒவ்வொரு குழியிலிருந்தும் வெள்ளைப் பொடி உதிர்ந்தது. மூன்று நாள் பார்த்தாள். வாசலில் இட்லி இல்லை. எதிர்ச்சந்து இட்லிக்காரி வீட்டு வாசலில் எங்கள் ஆட்கள் நிற்பதை நான் பார்த்தேன். அம்மா அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை.

அன்றைக்கு அப்பா சாப்பிட உட்கார்ந்தபோது மாமா தானாகவே போய் எதிரில் உட்கார்ந்தார். பேசாமலிருந்திருக்கலாம். "இந்த மல ஒரு காலத்துல கொதிச்சுப் பொங்கிக் கெடந்துச்சாம், அத்தான். நம்ம மாவு மாதிரி. அந்தக் கொமிழிதான் இந்தக் குழி" என்றார். குவாரிக்குச் சுத்தியலும் பையுமாகக் காலேஜ் பையன்கள் சிலர் வந்தபோது பேசிக்கொண்டார்களாம். இந்தியும் இங்கிலீஷுமாகப் பேசியதில் இவருக்குப் புரிந்தது அவ்வளவு.

அப்பா சிரித்து நான் பார்த்தது அரிது. அன்று சிரித்தார். கண்ணில் தண்ணீர் வர, புரையேறச் சிரித்தார். அந்தச் சிரிப்பைக் கேட்டுப் பக்கத்துக் கோலியிலிருந்து என்னவென்று விசாரித்தார்கள். மறுநாளே சந்து முழுக்க மாமாவுக்கு 'மலை பொங்குன மாப்ள' என்று பெயர் வந்துவிட்டது. நான் பள்ளிக்கூடத்தில் பூகோள வகுப்பில் எழுந்து, மலை கொதிக்குமா டீச்சர் என்று கேட்டேன். டீச்சர் சுவரில் தொங்கிய இந்தியப் படத்தில் இமயம், விந்தியம், சஹ்யாத்ரி என்று பிரம்பால் மூன்று தட்டுத் தட்டி, மலை அது பாட்டுக்கு நிற்கும், நீதான் உட்கார வேண்டும் என்றார். உட்கார்ந்தேன்.

அன்று சிரித்து முடித்ததும் அப்பா கை கழுவிவிட்டு வந்து, சாதாரணக் குரலில் ஒன்று சொன்னார். "ஞாயித்துக்கெழம வரைக்கும் பாப்பம். கல்லு சரியாவலன்னா ஒன் தம்பிய மெயில்ல ஏத்தி விட்டுருதேன்." அம்மாவைப் பார்த்துத்தான் சொன்னார். ஊரில் மாமாவுக்கு என்ன இருக்கிறது என்பது மூன்று பேருக்குமே தெரியும். ஒரு சித்தப்பா வீடு இருந்தது. அங்கே சோற்றை விடப் பேச்சு அதிகமாக விழும். அங்கிருந்து கிளம்பும்போது, திரும்பி வந்தால் மனுஷனாகத்தான் வருவேன் என்று வாசலில் நின்று சொல்லிவிட்டு வந்தவர் அவர்.

ஞாயிற்றுக்கிழமை விடிந்தது. மாமா தகரப் பெட்டியில் சட்டைகளை மடித்து வைத்துக்கொண்டிருந்தார். இருந்ததே மூன்று சட்டை. அதை எடுத்து எடுத்து மடித்துக்கொண்டிருந்தார். அப்பா குளிக்கக் குழாயடிக்குப் போயிருந்தார். அம்மா எங்களுக்கு மட்டும் நாலு இட்லி ஊற்ற, அடுத்த வீட்டுக் கல்லில் ஆட்டிய மாவுப் பானையை என் முன்னால் வைத்து, அகப்பையைக் கையில் கொடுத்தாள். கலக்காதே, மேலாக அள்ளு என்றாள். எப்போதும் சொல்வதுதான். மேல்மாவு பொங்கியிருக்கும், இட்லி பூப்போல வரும். அடிமாவில் ஊற்றினால் தட்டையாக வரும்.

அள்ளப் போனவள் அப்படியே நின்றேன். மாவின் மேலெல்லாம் குழி. பெரிதும் சிறிதுமாக, கறுப்பாக இல்லாததைத் தவிர மாமா கொண்டுவந்த கல்லேதான். அகப்பையைச் செங்குத்தாக உள்ளே விட்டு அடியிலிருந்து எடுத்தேன். அடிமாவு கனமாக, கெட்டியாக, ஒரு குமிழி இல்லாமல் வந்தது. அம்மா திட்டுவதற்குள் அகப்பையோடு மாமாவிடம் ஓடினேன். வழியெல்லாம் மாவு சொட்டியது.

"மாமா, நீங்க மேல்மாவுல எடுத்துட்டீங்க. அடிமாவுல எடுக்கணும்."

மாமா அகப்பையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மூலையில் கிடந்த கல்லைப் பார்த்தார். கையில் இருந்த சட்டை கையிலேயே இருந்தது. அந்தக் கல்லைக் குவாரியின் மேல்தட்டிலிருந்து எடுத்ததாக மெதுவாகச் சொன்னார். அங்கேதான் உளி சுலபமாக இறங்குமாம். அம்மா அடுப்பு முன்னால் உட்கார்ந்திருந்தாள். ஊதுகுழலை வாயிலிருந்து எடுத்து எங்கள் இருவரையும் பார்த்துவிட்டு, மறுபடி ஊத ஆரம்பித்தாள். அப்பா ஈரத்துண்டோடு வந்ததும், இன்னும் நாலு நாள் பொறுங்கள் என்று மட்டும் சொன்னாள். அப்பா எதற்கு என்று கேட்கவில்லை. அம்மா அவரிடம் எதையும் கேட்டுப் பழக்கமில்லாதவள். அதனாலோ என்னவோ, சரி என்றார்.

அன்று காலையே மாமா என்னையும் அழைத்துக்கொண்டு குவாரிக்குப் போனார். பஸ்ஸில் போய், சேற்றில் நடந்து போனோம். மழைக்காக வேலை நிறுத்தியிருந்தார்கள். சோலாப்பூர்க்காரர் மட்டும் தன் கொட்டகையில் இருந்தார். மலையைப் பாதியாக வெட்டியது போல ஒரு கறுப்புச் சுவர் நின்றது. அதன் அடியில் குளம் போலத் தண்ணீர். எனக்கு அழுகை வந்துவிட்டது. அடிமாவு தண்ணீருக்குள் அல்லவா இருக்கிறது.

மாமாதான் கையை நீட்டிக் காட்டினார். சுவரின் குறுக்கே செங்கல் நிறத்தில் ஒரு மெல்லிய கோடு ஓடியது. கோட்டுக்குக் கீழே குழிக்கல். அதற்குக் கீழே கெட்டிக் கல் தண்ணீருக்குள் இறங்கிப் போயிருந்தது. ஆனால் கோட்டுக்கு மேலேயும் அதே கதை இருந்தது: உச்சியில் குழிக்கல், கோட்டை ஒட்டிக் கெட்டிக் கல். சுட்ட தோசையின் மேல் தோசையை அடுக்கியது போல. மலை ஒரு தடவை பொங்கி நிற்கவில்லை. ஆறியதன் மேல் மறுபடியும் பொங்கியிருக்கிறது. மேல் தோசையின் அடிமாவு எங்கள் கைக்கு எட்டும் உயரத்தில் இருந்தது. இதைக் கண்டுபிடித்தது மாமா. நியாயத்துக்குக் கட்டுப்பட்டு இதையும் எழுதிவிடுகிறேன்.

சோலாப்பூர்க்காரர் முதலில் மறுத்தார். அந்தக் கல்லில் உளி மழுங்கும் என்றார். மாமா சுத்தியலால் மேல்கல்லைத் தட்டிக் காட்டினார், தொப்பென்றது. கீழ்க்கல்லைத் தட்டினார், கணீரென்றது. அந்தச் சத்தத்தைக் கேட்டதும் சோலாப்பூர்க்காரர் பீடியை அணைத்துவிட்டு எழுந்து வந்தார். கல் வேலை செய்கிறவருக்கு அதற்கு மேல் சொல்லத் தேவையில்லை. மூன்று நாள் இரண்டு பேரும் மாறி மாறிக் கொத்தினார்கள். மாமா வீடு திரும்பும்போது கை விரல்களில் துணி சுற்றியிருக்கும். யானையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

நாலாம் நாள் கல் வந்தது. இந்தத் தடவை சந்து கூடவில்லை. அம்மா பழைய குழவியைப் பொருத்தி ஒரு சுற்றுச் சுற்றினாள். சத்தத்தைக் கேட்டுத் தலையைச் சாய்த்தாள். இன்னொரு சுற்றுச் சுற்றினாள். தவிடு, நொய் எல்லாம் போட்டுப் பழக்கி, மறுநாள் காலை இட்லி அவித்து முதல் தட்டை அப்பாவிடம் வைத்தாள். அப்பா ஒரு விள்ளலை வாயில் போட்டு, பல்லால் தேடித் தேடி மென்றார். கல் கிடைக்கவில்லை. மூன்று தின்றார். இன்னும் இரண்டு வை என்றார். மாமா சுவரோரம் நின்றுகொண்டு அப்பாவின் தாடையையே பார்த்துக்கொண்டிருந்தார். தகரப் பெட்டி மூடியபடி அவர் காலடியில் இருந்தது.

அப்போது அம்மா பேசினாள். "எந் தம்பி கண்டுபிடிச்சது. மேக்கல்லு ஆவாது, அடிக்கல்லுதான் ஆவும்னு அவன்தான் மாவப் பாத்து யோசன பண்ணுனான்."

நான் அங்கேயேதான் நின்றுகொண்டிருந்தேன். என் கையிலும் ஒரு தட்டு இருந்தது. மாமா என்னைப் பார்த்து வாயைத் திறந்தார். அம்மா அவரை ஒரு பார்வை பார்த்தாள், வாய் மூடிக்கொண்டது. அப்பா மாமாவை மேலும் கீழும் பார்த்தார். விரலில் சுற்றியிருந்த துணியையும் பார்த்தார். "பெட்டிய எடுத்து உள்ள வையில, வழியில கெடக்கு" என்று சொல்லிவிட்டுத் தண்ணீர் கேட்டார்.

அவ்வளவுதான். மாமா பெட்டியை உள்ளே வைத்தார். நான் தட்டைத் தரையில் வைத்துவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடம் போனேன். நாலு இட்லியும் அப்படியே இருந்தது. போகும் வழியெல்லாம் அழுதேன். திருடினால் போலீஸ் பிடிக்கும். ஒருவர் யோசித்ததை இன்னொருவருக்குத் தூக்கிக் கொடுத்தால் யாரிடம் போய்ச் சொல்வது? அதுவும் பெற்ற தாயே கொடுத்தால்? அதன் பிறகு மாமா வாரா வாரம் குவாரியிலிருந்து எனக்கு ஒரு கற்கண்டுக் கல் கொண்டுவந்தார். அது லஞ்சம் என்று எனக்குத் தெரியும். வாங்கிப் பவுடர் டப்பாவில் போட்டுக்கொண்டேன், ஆனால் சிரிக்கவில்லை.

மாமா பம்பாயிலேயே இருந்துவிட்டார். சுத்தியலால் தட்டிக் காதால் கேட்டே கல்லின் குணத்தைச் சொல்லும் ஆள் என்று குவாரியில் பெயரெடுத்தார். அவரும் சோலாப்பூர்க்காரரும் சேர்ந்து செய்த ஆட்டுரல்கள் தாராவியில் பல கோலிகளுக்கும், மாட்டுங்காவில் ஆபீஸ் போகிறவர்கள் வீட்டு அடுக்களைகளுக்கும், செம்பூருக்கும் போயின. அதற்குப் பிறகு எங்கள் பக்கத்தார் யாரும் ரயிலில் கல் சுமந்து வந்ததாக நான் கேள்விப்படவில்லை.

வெகு நாள் கழித்து, என் மகளுக்குப் பூகோளப் பாடம் சொல்லிக்கொடுக்க உட்கார்ந்தேன். கோடிக்கணக்கான வருஷங்களுக்கு முன்னால் பூமி வெடித்து, பாறைக் குழம்பு பொங்கி, ஒன்றின் மேல் ஒன்றாகப் படிந்து ஆறியதுதான் தக்காணத்தின் மேற்குப் பகுதி என்று புத்தகத்தில் போட்டிருந்தது. அந்தக் குழம்பின் மேல்பகுதியில் குமிழிகள் நிற்கும் என்றும் போட்டிருந்தது. இமயமலை அப்படி இல்லையாம். இரண்டு நிலங்கள் முட்டிக்கொண்டு, சுவரோரம் தள்ளிய பாய் போல மடிந்து எழுந்ததாம். எங்கள் ஊர்ப் பக்கத்துக் கல்லோ பூமிக்குள் ஆழத்தில் அழுத்தத்திலும் சூட்டிலும் கிடந்து, மேலே இருந்த மண்ணும் மலையும் கரைந்து போன பிறகு வெளியே வந்த கிழட்டுக் கல். ஊருக்குப் போகும் ரயிலில் இதையெல்லாம் சின்ன வயதில் ஜன்னல் வழியாகப் பார்த்திருக்கிறேன். பூனா தாண்டும்வரை படிக்கட்டுப் படிக்கட்டாகக் கறுப்பு மலை. சோலாப்பூரில் அந்தக் கல்லே உதிர்ந்து ஆன கரிசல். ராய்ச்சூர் பக்கம் வந்ததும் ஒன்றின் மேல் ஒன்றாக உட்கார்ந்திருக்கும் உருண்டைப் பாறைகள். ஸ்டேஷனுக்கு ஸ்டேஷன் பாஷை மாறுவதைக் கவனித்தோம். கல் மாறுவதை யாரும் கவனிக்கவில்லை.

புத்தகத்தை எடுத்துக்கொண்டு போய் மாமாவுக்குப் படித்துக் காட்டினேன். அவருக்கு அப்போது தலை நரைத்துவிட்டது. முழுவதும் கேட்டுவிட்டு, அத்தான் இருந்திருந்தால் அவருக்கும் வாசித்துக் காட்டியிருக்கலாம் என்றார். அவ்வளவு நாள் அந்தச் சிரிப்பை அவர் மனதில் வைத்திருந்தார் என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது.

அன்று சாயங்காலம் அம்மாவிடம் கேட்டேன். அடிமாவு விஷயத்தைச் சொன்னது நான்தான் என்று உனக்குத் தெரியுமா, தெரியாதா? அம்மா முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நேற்று நடந்ததைக் கேட்டது போல் உடனே பதில் சொன்னாள்.

"தெரியாம என்னட்டி? நாந்தான பக்கத்துல இருந்தேன். நீ எம் புள்ள, நீ எங்க போயிரப் போற? அவந்தான் போயிருப்பான்."

சொல்லிவிட்டுக் கொஞ்ச நேரம் கீரையை ஆய்ந்தாள். பிறகு, முறத்தைப் பார்த்தபடியே, "அன்னைக்கு நாலு இட்லியையும் வச்சிட்டுப் பள்ளிக்கூடம் போனேல்லா, அன்னைக்குப் பொழுது அடைய நானும் ஒண்ணும் திங்கல" என்றாள்.

அந்த நாளை நான் எத்தனையோ தடவை நினைத்துப் பார்த்திருக்கிறேன். என் பசி மட்டும்தான் எனக்கு ஞாபகம் இருந்தது.